பிழை திருத்தம்

எனக்குப் பத்தொன்பது வயது.
நிலாவைப் பற்றி எழுதிய பதினாறு கவிதைகளையும் மடித்து
ஆடிய மேசைக்காலுக்கு முட்டுக்கொடுத்துவிட்டு
ஆசிரியர் செர்க்கெய்ரா கேட்டார்:
"விளம்பரம் எழுதுகிறாயா? வரிக்கு அறுபது ரெய்ஸ்."

கம்போஸ் நகரில்
கரும்பு வெட்டும் மாதங்களில்தான் அடிமைகள் அதிகம் ஓடுவார்கள்.
ஓடியவர்களைத் தேடும் விளம்பரம் மூன்றாம் பக்கத்தில்,
தொப்பிக்கும் இருமல் மருந்துக்கும் நடுவில்.
தோளில் மூட்டையோடு ஓடும் ஓர் உருவம், ஈய அச்சு.
ஆணுக்கும் பெண்ணுக்கும் கிழவனுக்கும் அதே அச்சு.
அடித்து அடித்து முகம் தேய்ந்துபோயிருந்தது.
அந்த முகத்தை எழுதுவது என் வேலை.

நன்றாகவே எழுதினேன்.
"கேள்வி கேட்டால் முதலில் வானத்தைப் பார்ப்பான்."
உடைமைக்காரர்கள் தருவது வயது, உயரம், தழும்பு.
மிச்சம் நான் தெருவில் பார்த்தது.
உனக்குக் கண் இருக்கிறது என்றார் செர்க்கெய்ரா.
அன்றிரவு தூக்கம் வரவில்லை,
சந்தோஷத்தில்.

ஃபெலிஸ்பெர்த்தா கொய்யாப்பழ மிட்டாய் விற்றவள்.
விற்ற காசு மாலையில் எஜமானிக்குப் போகும்.
ஒருநாள் கொசுறு கேட்டேன்.
"மை ஒட்டிய விரலுக்குக் கொசுறு கிடையாது."
என் மூக்கிலும் மை இருந்ததை அப்போதுதான் பார்த்திருப்பாள்.
சிரித்தாள்.
முன்பல் ஒன்று இல்லை.
இடக்கை சட்டென்று எழுந்து வாயை மூடியது.

மார்ச்சில் ஓடிப்போனாள்.
எஜமானியின் சீட்டில் நான்கே சொற்கள்.
நான் ஒரு வரி சேர்த்தேன்:
"சிரிக்கும்போது இடக்கையால் வாயை மூடுவாள்."

ஜனுவாரியோ எழுத்துக் கோப்பவன், என் வயதுதான்.
அவனை அவன் அம்மா விலைகொடுத்து மீட்டது முந்தைய வருடம்.
கோத்துத் தந்த படியில் ஒரு பிழை:
"அழும்போது இடக்கையால் வாயை மூடுவாள்."
அவன் அடிக்கடி பிழை விடுவான்.
இருபத்தாறு முப்பத்தாறாகும், நெட்டை குட்டையாகும்.
அடித்துத் திருத்தினேன், இரண்டு கோடு போட்டு.
அவன் என்னை ஒருமுறை பார்த்தான்.
பிறகு ஒவ்வோர் எழுத்தாக,
மிக மெதுவாக,
மாற்றினான்.

பதினோராம் நாள், நிதெரோய் படகுத்துறையில்
ஒருவன் குரங்கு வித்தை காட்டிக்கொண்டிருந்தான்.
கூட்டமே சிரித்தது.
ஒரு கை மட்டும் மேலே போனது.
நாளிதழை மடித்துச் சட்டைப்பையில் வைத்திருந்த காவலன்
அதைப் பார்த்தான்.

எஜமானி எனக்கு அரை மூட்டை காப்பிக்கொட்டை அனுப்பினாள்.
செர்க்கெய்ரா வருவோர் போவோரிடமெல்லாம்
என் வரியைப் படித்துக் காட்டினார்.

அவளை எங்கள் வாசல் வழியாகத்தான் கொண்டுபோனார்கள்.
கைகள் முன்னால் கட்டியிருந்தன.
என்னைப் பார்த்தாள். தெரிந்த முகம் என்பதால்
தலையைக் கொஞ்சம் அசைத்தாள்.
அவளுக்குப் படிக்கத் தெரியாது.

அன்று பழைய படிகளை எடுத்து வைத்து உட்கார்ந்தேன்.
தழும்பை இடத்தோளிலிருந்து வலத்தோளுக்கு நகர்த்தியிருந்தான்.
திக்குவாய்க்காரனைப் பாடகனாக்கியிருந்தான்.
ஒரு கிழவியின் வயதில் இருபதைக் களவாடியிருந்தான்.
ஓரத்தில் எல்லாம் சிவப்பு மையில் என் கையெழுத்து:
கவனம். கவனம்.
கவனம்.

அடுத்த விளம்பரத்தை இப்படி எழுதினேன்:
"உயரம் நடுத்தரம். முகம் முகம்போல் இருக்கும்.
அடையாளம் ஏதும் இல்லை."
ஜனுவாரியோ படித்தான்.
முதல்முறையாக ஒரு பிழையும் இல்லாமல் கோத்தான்.
மூன்று வாரத்தில் எனக்கு வேலை போனது.

இப்போது வேறோர் அச்சுக்கூடம், மருந்துக்கடையின் பின்கட்டில்,
இரவில் மட்டும்.
விடுதலைச் சங்கத்துக்குத் துண்டறிக்கை எழுதுகிறேன்.
நெஞ்சைத் தொடும்படி ஒரு பெண்ணை எழுது என்கிறார்கள்,
ஏதாவது சின்ன விவரம், ஒரு சிரிப்பு, ஒரு கை.
நான் உடைமைக்காரர்களை எழுதித் தருகிறேன்:
பெயர், வீடு, பூசையில் எந்த வரிசை,
மோதிரம் எந்த விரலில்,
பொய் சொல்லும்போது எதைத் தடவுவார்கள் என்பதுவரை.

காப்பி மூட்டை இன்னும் கட்டிலடியில் கிடக்கிறது.
வறுக்கவில்லை.
தூக்கி எறியவும் இல்லை.